சீதனமாய்ப் போன தீவு

கேள்வி – பதில்

போன இதழில் ஒரு பதிலுக்கு நடுவே, "பம்பாய் ஒரு பெண்ணுக்குச் சீதனமாய்ப் போன ஊர்" என்று எழுதியிருந்தேன். தபாலிலும் வாட்ஸாப்பிலும் வந்த கேள்விகளில் பாதிக்கு மேல் அந்த ஒரு வரியைப் பற்றித்தான். எனவே சினிமாவும் கிரிக்கெட்டும் இந்த முறை காத்திருக்கட்டும்.

கேள்வி: பம்பாயைச் சீதனமாகக் கொடுத்தது போர்ச்சுகல் ராஜா என்றுதான் படித்திருக்கிறேன். கொடுத்ததிலும் ஒரு பெண் இருக்கிறாளா அக்கா?
(கல்லூரி மாணவி, 90 அடி சாலை, தாராவி)

பதில்: ராஜாவின் பெயரில் கொடுத்தார்கள். கொடுக்க முடிவெடுத்தவர் ராஜாவின் அம்மா.

போர்ச்சுகல் ராஜா நான்காம் ஜான் 1656-ல் இறந்தபோது பட்டத்துக்கு வந்த மகன் அபோன்சோவுக்கு வயது 13. சின்ன வயதில் வந்த நோயில் உடம்பின் ஒரு பக்கம் விழுந்துபோன பிள்ளை. நாட்டை நடத்தியவர் தாய் லூயிசா டி குஸ்மான். அவர் போர்ச்சுகல்காரரே இல்லை. ஸ்பெயினின் தெற்கே, ஆண்டலூசியாவில், மெதினா சிதோனியா பிரபு வீட்டில் பிறந்த ஸ்பானியப் பெண். 1580-லிருந்து 60 வருஷம் போர்ச்சுகலை ஸ்பானிய மன்னர்கள்தான் ஆண்டார்கள். 1640 டிசம்பர் 1 அன்று லிஸ்பனில் கலகம் வெடித்து, லூயிசாவின் கணவர் அரசரானார். அன்றைக்கு ஆரம்பித்த போர் 1668 வரை ஓயவில்லை. பிறந்த வீட்டு நாடும் புகுந்த வீட்டு நாடும் மோதிய அந்தப் போரில் லூயிசா புகுந்த வீட்டின் பக்கம் உறுதியாக நின்றார்.

ஸ்பெயினைத் தடுக்க இங்கிலாந்தின் படை வேண்டியிருந்தது. மகள் கத்தரீனாவை இங்கிலாந்து மன்னர் இரண்டாம் சார்லஸுக்குக் கட்டிக்கொடுக்க 1661 ஜூன் 23 அன்று ஒப்பந்தம் எழுதினார்கள். ரொக்கம் 20 லட்சம் குருசாடோ, மொராக்கோ கரையில் தாஞ்சியர் கோட்டை, நம் கரையில் பம்பாய். ஒரு ஸ்பானியத் தாய் தன் மகனின் நாட்டைக் காப்பாற்ற எடுத்து வைத்த சீர்தான் நாம் குடியிருக்கிற இந்த ஊர்.

கேள்வி: சீதனமாய் வந்த ஊரில் கத்தரீனாவுக்கு என்ன கிடைத்தது?
(ஒரு மருமகள், செம்பூர்)

பதில்: ஒன்றும் கிடைக்கவில்லை. ஒப்பந்தப்படி பம்பாய் போனது இங்கிலாந்து மன்னருக்கும் அவர் வாரிசுகளுக்கும். கத்தரீனா இந்தியாவைக் கண்ணால் பார்த்ததில்லை. 1662 மே மாதம் கல்யாணம். 1668 மார்ச் 27 அன்று சார்லஸ் இந்த ஊரைக் கிழக்கிந்தியக் கம்பெனிக்கு வருஷம் 10 பவுண்டு பணத்துக்குக் குத்தகை விட்டுவிட்டார்.

சீதனம் என்ற சொல்லை ஒருமுறை நிதானமாகச் சொல்லிப் பாருங்கள். ஸ்திரீதனம், பெண்ணின் தனம். பேச்சு வழக்கில் தேய்ந்து சீதனமாகிவிட்டது. சொல் தேய்ந்தது பரவாயில்லை. அதற்குள் இருந்த பெண்ணும் சேர்ந்து தேய்ந்துபோனதுதான் எனக்கு ஆறவில்லை. இன்றைக்கு "சீதனம் எவ்வளவு?" என்றால் மாப்பிள்ளை வீட்டுக்கு எவ்வளவு என்றே எல்லாருக்கும் கேட்கிறது.

கேள்வி: அந்தக் காலத்து ஸ்பெயினில் மட்டும் சீதனம் பெண்ணிடம் இருந்ததா? அங்கேயும் இதே கதைதானே?
(ஓய்வுபெற்ற ஆசிரியர், மாட்டுங்கா)

பதில்: இதே கதை இல்லை ஐயா. அங்கே பெண்ணுக்குப் பல கதவுகள் சாத்தியிருந்தன. ஆனால் சீதனக் கணக்கு மட்டும் சுத்தமாக இருந்தது.

ஸ்பெயினின் பெரிய பகுதியான காஸ்டீலில், கல்யாணம் என்றால் பத்திர எழுத்தர் வீட்டுக்கு வந்து உட்காருவார். பெண்ணோடு போகிற ஒவ்வொரு பொருளையும் பட்டியல் போடுவார்: படுக்கை விரிப்பு இத்தனை, தலையணை உறை இத்தனை, செம்புப் பானை, மரப்பெட்டி, பாவாடை. பக்கத்திலேயே விலை. பழைய விரிப்பென்றால் பழையதென்றே எழுதுவார். கடைசியில் "இவை எல்லாம் என் கைக்கு வந்தன" என்று மாப்பிள்ளை ஒப்புக்கொள்ள வேண்டும். அதற்குச் சீதனப் பத்திரம் என்று பேர். கட்டிக்கொண்டிருக்கும் வரை கணவன் அதை நிர்வகிக்கலாம். சொத்து அவனுடையது ஆகாது. அவன் செத்தால் சீதனம் அவளிடம் திரும்ப வர வேண்டும். கடன்காரர்கள் வாசலில் நின்றாலும் அவள் பங்குக்கு முன்னுரிமை உண்டு. இதற்கு மேல், கல்யாணத்துக்குப் பிறகு இருவரும் சேர்த்த சொத்தில் சரிபாதி அவளுடையது. வாரிசுப் பங்கும் மகன், மகள் இருவருக்குமே சட்டப்படி உண்டு. பெரிய பிரபுக்கள் மட்டும் மூத்த மகனுக்கே எல்லாம் போகும்படி தனி ஏற்பாடு செய்துகொண்டார்கள்.

மறுபக்கத்தையும் சொல்ல வேண்டும். 1505-ல் வந்த டோரோ சட்டங்கள், கணவன் அனுமதி இல்லாமல் மனைவி ஒப்பந்தம் செய்யக்கூடாது என்றன. சொத்து அவளுடையது, பேனா அவனுடையது.

நம் கல்யாணங்களை நினைத்துப் பார்க்கிறேன். குத்துவிளக்கு, அண்டா, குடம், வெள்ளித் தட்டு, பீரோ, ஃபிரிட்ஜ் என்று மண்டபத்து மேடையில் வரிசையாக அடுக்கி வைத்து வீடியோ எடுக்கிறோம். வீடியோ இருக்கிறது, பட்டியல் இருக்கிறதா? மணப்பெண்ணுக்கும் மாப்பிள்ளைக்கும் வந்த பரிசுகளை எழுதி வைத்துக் கையெழுத்திட வேண்டும் என்று 1985-லிருந்து இந்தியாவிலும் விதி இருக்கிறது. எத்தனை தகப்பன்மார் அந்தத் தாளை எழுதியிருக்கிறார்கள்? அதே 1985-ல் உச்ச நீதிமன்றம் பிரதிபா ராணி வழக்கில், பெண்ணின் சீதனம் முழுக்க அவளுடையது, கணவனோ மாமியாரோ அதைப் பிடித்து வைத்துக்கொண்டால் குற்றம் என்று தெளிவாகச் சொல்லிவிட்டது. அந்தத் தீர்ப்பைப் பிடித்துக்கொண்டு கேட்கப் போகிற பெண்ணுக்கு முதலில் தேவைப்படுவது அந்தப் பட்டியல்தான்.

கேள்வி: பம்பாய்க்கு ஒரு பெண் முதலாளி இருந்தாராமே? நிஜமா, கதையா?
(தையல் பட்டறை உரிமையாளர், தாராவி)

பதில்: நிஜம். பெயர் டோனா இக்னெஸ் டி மிராண்டா. டோம் ரொட்ரிகோ டி மொன்சாந்தோ என்பவரின் விதவை. பம்பாய்த் தீவின் நில உரிமை அவர் கையில் இருந்தது. "தீவின் சீமாட்டி" என்றே அவரைக் குறித்தார்கள்.

கோவாவிலிருந்த போர்ச்சுகீசிய வைஸ்ராய்க்குப் பம்பாயைக் கொடுக்க மனமே இல்லை. இழுத்தடித்தார். வாங்க வந்த ஆபிரகாம் ஷிப்மனும் அவர் படையாட்களில் பெரும்பாலோரும் கார்வார் பக்கத்து அஞ்ஜதீவில் காத்துக் கிடந்து நோயில் செத்தார்கள். மிச்சமிருந்தவர்களோடு ஹம்ப்ரி குக் என்பவர் 1665 பிப்ரவரி 18 அன்று ஊரைப் பெற்றுக்கொண்டார். அந்தப் பத்திரம் எழுதப்பட்ட இடம் டோனா இக்னெஸின் வீடு. மண்ணையும் கல்லையும் கையில் எடுத்து, கொத்தளத்தில் நடந்து, "பெற்றுக்கொண்டேன்" என்று எழுதிக் கொடுத்தார் குக். ஹார்னிமன் சர்க்கிளில் வெள்ளைப் படிக்கட்டோடு நிற்கிறதே டவுன் ஹால், அதற்குப் பின்னால், இப்போது கடற்படை வளாகத்துக்குள் இருக்கிறது அந்த இடம். அந்த வீட்டைச் சுற்றித்தான் பம்பாய்க் கோட்டை எழுந்தது.

இப்போது இரண்டு பெண்களையும் பக்கத்தில் பக்கத்தில் நிறுத்திப் பாருங்கள். பம்பாய் சீதனமாய்ப் போனது ராணிக்காக. அவளுக்கு அதில் ஒரு பிடி மண்ணும் இல்லை. பம்பாய் இருந்தது ஒரு விதவையின் பெயரில். பத்திரம் எழுத அவள் வீட்டு வாசலுக்குத்தான் எல்லாரும் வந்தார்கள்.

கேள்வி: விதவை என்றால் நம் ஊரில் மூலையில் உட்கார வைத்தார்கள். ஸ்பெயினில் எப்படி?
(பெயர் வேண்டாம், சயான் கோளிவாடா)

பதில்: அங்கே சட்டத்தின் கண்ணில் மிகச் சுதந்திரமான பெண் விதவைதான். கல்யாணமாகாதவளுக்கு அப்பன் அனுமதி, ஆனவளுக்குக் கணவன் அனுமதி. விதவைக்கு யார் அனுமதியும் வேண்டாம். தானே கையெழுத்துப் போடலாம், பட்டறை நடத்தலாம், பிள்ளைகளுக்குக் காப்பாளராக இருக்கலாம். ஸ்பானிய எழுத்தாளர் செர்வாந்தெஸ் தன் எட்டு நாடகங்களை 1615-ல் மாட்ரிட்டில் அச்சிட்டது ஒரு விதவையின் அச்சகத்தில். ஆனால் புத்தகத்தில் அவள் பெயர் இருக்காது, "அலோன்சோ மார்ட்டினின் விதவை" என்றிருக்கும். எழுத்து கோத்து, மை பூசி, கூலி கொடுத்து, கடன் வாங்கித் தொழிலை நடத்தியவள் அவள். பலகையில் தொங்கியது செத்தவன் பெயர்.

அம்மா, உங்கள் கடிதத்தில் "இவர் போனபிறகு கடை லைசென்ஸை என் பேருக்கு மாற்றவில்லை, கொழுந்தன் பார்த்துக்கொள்கிறார்" என்று ஒரு வரி இருந்தது. தயவுசெய்து இந்த மாதமே மாற்றிக்கொள்ளுங்கள். கொழுந்தன் நல்லவராகவே இருக்கட்டும், அவர் பிள்ளைகள் வளர்ந்துகொண்டிருக்கிறார்கள்.

கேள்வி: செம்பூரும் அந்தச் சீதனத்தில் சேர்த்திதானா?
(சேடா நகர் வாசகர், செம்பூர்)

பதில்: இல்லை. சீதனத்தில் போனது பம்பாய்த் தீவு. மாஹிமையே தர மாட்டேன் என்று போர்ச்சுகீசியர் அடம்பிடித்தார்கள், ஆங்கிலேயர் பிடுங்கிக்கொண்டார்கள். சயானுக்கு அந்தப் பக்கம் சாஷ்டி, செம்பூர் இருக்கிற டிராம்பே எல்லாம் போர்ச்சுகீசியரிடமே இருந்து, 1737-லிருந்து மராட்டியர் கைக்குப் போனது. சயான் என்ற பெயரே எல்லை என்று பொருள்படும் 'சீவ்' என்ற மராட்டிச் சொல்லிலிருந்து வந்ததாகச் சொல்வார்கள். தாராவியில் காலா கில்லா டிப்போவுக்குப் பின்னால் மித்தி ஆற்றைப் பார்த்துக்கொண்டு ஒரு கருங்கல் கோட்டை நிற்கிறதே, அதன் கல்வெட்டில் 1737 என்றுதான் இருக்கிறது. அக்கரையில் மராட்டியர் இறங்கிய அதே வருஷம். சீதனம் முடியும் கரை அது. பஸ்ஸுக்கு நிற்கிறவர்கள் ஐந்து நிமிஷம் போய்ப் பார்த்துவிட்டு வரலாம்.

கேள்வி: ஸ்பெயின் என்றதும் இசபெல்லா ராணி நினைவுக்கு வருகிறார். பெண் ஆண்டால் நாடு இரக்கமாக இருக்கும்தானே?
(பள்ளி மாணவி, மாட்டுங்கா)

பதில்: இல்லை, தங்கச்சி. இசபெல்லா 1474-ல் தன் சொந்த உரிமையில் காஸ்டீலின் அரசியானவர். கணவன் பெர்டினாண்டுக்கு எவ்வளவு அதிகாரம், தனக்கு எவ்வளவு என்று மறுவருஷமே எழுத்தில் பிரித்துக்கொண்டவர். அந்தத் துணிச்சலை மதிக்கிறேன். அதே கைதான் சமய விசாரணை மன்றத்தைக் கொண்டுவந்தது. 1492-ல் மதம் மாற மறுத்த யூதர்களை நாட்டை விட்டே துரத்தியது.

அந்தக் கையெழுத்தின் விளைவு இந்தியக் கரை வரை வந்தது. அப்படித் துரத்தப்பட்டுப் போர்ச்சுகலுக்குள் ஒதுங்கிய ஒரு குடும்பத்தில் பிறந்தவர் கார்சியா டா ஓர்தா. சலமங்காவிலும் அல்கலாவிலும் மருத்துவம் படித்து 1534-ல் இந்தியா வந்தார். பிற்பாடு பம்பாய்த் தீவே அவருக்குக் குத்தகையாக வந்தது. டோனா இக்னெஸின் வீடு என்றேனே, அது முதலில் இவர் கட்டிய வீடு. வருஷத்துக்கு இரண்டு தடவை காய்க்கிற மாமரம் தன் பம்பாய்த் தோட்டத்தில் இருப்பதாக எழுதியவர். இந்திய மூலிகைகளைப் பற்றி 1563-ல் கோவாவில் அவர் அச்சிட்ட புத்தகம் ஐரோப்பா முழுக்கப் போனது. 1568-ல் இறந்தார். மறுவருஷம், 1569 அக்டோபரில், கோவா விசாரணை மன்றம் அவர் தங்கை கத்தரீனாவை, ரகசியமாக யூத நெறியைப் பின்பற்றினாள் என்று சொல்லி உயிரோடு கொளுத்தியது. 1580-ல் ஓர்தாவின் எலும்பையும் தோண்டி எடுத்து எரித்தார்கள்.

பம்பாய் வரலாற்றில் இரண்டு கத்தரீனா. ஒருத்தி பெயரால் ஊர் கைமாறியது, தெருவுக்குத் தெரு தெரிந்த கதை. இன்னொருத்தியை, இந்த ஊரைக் குத்தகைக்கு வைத்திருந்தவனின் கூடப் பிறந்தவளை, யாருக்கும் தெரியவில்லை. இன்னும் ஒருத்தியும் இருக்கிறாள். ஓர்தாவின் புத்தகத்தில், "அந்தச் செடியைக் கொண்டுவா" என்றதும் எடுத்து வந்து காட்டும் அடிமைப்பெண் அந்தோனியா. பெரிய மருத்துவரின் பேச்சுக்கு நடுவே இலையும் காயுமாக வந்து போகிறாள். அவளுக்கு எந்தச் சீதனப் பத்திரமும் கிடையாது. ஸ்பானியப் பெண்களின் உரிமை என்று பேசும்போது அந்தோனியாவை விட்டுவிட்டுப் பேச எனக்கு மனம் வரவில்லை.

கேள்வி: அவிலாவின் தெரேசாள் பெயரில் அம்மா எனக்குப் பெயர் வைத்தாள். அந்தப் புனிதை தூத்துக்குடிப் பக்கம் வந்ததுண்டா?
(மாஹிம் நொவேனாவுக்குப் போகிறவள், தாராவி)

பதில்: வரவில்லை. ஆனால் அவர் படித்த மாதிரிப் புத்தகம் உங்கள் ஊருக்கு வந்தது.

தெரேசாள் (1515–1582) சிறுமியாக இருந்தபோது அண்ணன் ரொட்ரிகோவோடு உட்கார்ந்து புனிதர் வரலாறுகளைப் படிப்பாராம். படித்த வேகத்தில், மூர் முஸ்லிம்களின் நாட்டுக்குப் போய் வேதசாட்சியாகச் சாகலாம் என்று இருவரும் வீட்டை விட்டுக் கிளம்பிவிட்டார்கள். சித்தப்பா வழியில் பிடித்துத் திருப்பி அழைத்து வந்தார். அந்த வகைப் புத்தகத்துக்கு ஸ்பெயினில் 'ப்ளோஸ் சாங்க்தோரும்' என்று பேர். அதே பெயரில், அதே வகையில், ஹென்றிக்கஸ் அடிகளார் 1586-ல் முத்துக்குளித்துறைப் பரதவர்களுக்காகத் தமிழில் ஒன்றை அச்சிட்டார். தெரேசாள் இறந்து நான்கே வருஷத்தில். அந்தத் துறையில் 1542-லிருந்து நடந்து திரிந்த சவேரியாரும் ஸ்பெயினின் நவாரா நாட்டுக்காரர்தான். 1622 மார்ச் 12 அன்று தெரேசாளுக்கும் சவேரியாருக்கும் ஒரே நாளில் புனிதர் பட்டம்.

தெரேசாளுக்கு அதிகாரம் எங்கிருந்து வந்தது என்று கேட்டிருந்தால் இன்னும் சந்தோஷப்பட்டிருப்பேன். 1562-ல் அவிலாவில் முதல் மடம், சாவதற்குள் 17. வீடு வாங்குவது, பத்திரம் எழுதுவது, தச்சன் கூலி, ஊர்ப் பெரியவர்களோடு சண்டை, எல்லாம் அவரே. அவர் தாத்தா யூத மதத்திலிருந்து மாறியவர், விசாரணை மன்றத்தின் தண்டனையை வாங்கியவர். பேத்தி எழுதிய சுயசரிதையையும் அதே மன்றம் வாங்கி வைத்துக்கொண்டு ஆராய்ந்தது. ஓர்தாவின் தங்கைக்கும் இவருக்கும் வேர் ஒன்று. ஒருத்தியைப் பீடத்தில் வைத்தார்கள், ஒருத்தியைச் சிதையில் வைத்தார்கள். இன்னொன்று: அவர் மடத்தில் சேரும்வரை மட்டுமல்ல, சேர்ந்த பிறகும் நெடுநாள் புழங்கிய பெயர் தெரேசா டி அஹுமாதா. அஹுமாதா அம்மா வழிக் குடும்பப் பெயர்.

கேள்வி: பிள்ளைக்கு அம்மா பெயரை இனிஷியலாகப் போட்டால் சொந்தக்காரர்கள் கோபிக்கிறார்கள்.
(இளம் தாய், தாராவி கிராஸ் ரோடு)

பதில்: மகாராஷ்டிரத்தில் 2024 மே 1 முதல் பிறந்த பிள்ளைகளுக்கு அரசு ஆவணங்களில் பிள்ளை பெயர், அம்மா பெயர், அப்பா பெயர், குடும்பப் பெயர் என்ற வரிசை வந்துவிட்டது. சொந்தக்காரர்களிடம் சர்க்கார் தாளைக் காட்டுங்கள், கோபம் தணியும்.

கேள்வி: மதுரையில் ராணி மங்கம்மாள். ஸ்பெயின், போர்ச்சுகல் பக்கம் யார்?
(மதுரைக்காரர், செம்பூர்)

பதில்: நான்கு பேரை ஒரே கொலுப்படியில் வைக்கலாம். போர்ச்சுகலில் லூயிசா, 1656 முதல் 1662 வரை, மகனுக்காக. ஸ்பெயினில் மரியானா, 1665 முதல், நான்கு வயது நிரம்பாத மகன் இரண்டாம் சார்லஸுக்காக (கத்தரீனாவின் கணவர் இல்லை, இவர் ஸ்பெயினின் சார்லஸ்). மதுரையில் மங்கம்மாள், 1689 முதல், கைக்குழந்தைப் பேரனுக்காக. இங்கே மகாராஷ்டிரத்தில் தாராபாய், 1700 முதல், ஔரங்கசீப்பின் படையை எதிர்த்துக்கொண்டு, மகனுக்காக. நால்வரும் ஆண்ட விதம் வேறு. உள்ளே வந்த கதவு ஒன்றுதான்: ஆண்மகன் செத்தான், வாரிசு சின்னப் பிள்ளை.

வெளியேறிய கதவும் கிட்டத்தட்ட ஒன்றுதான். லூயிசாவை மகனைச் சுற்றியிருந்தவர்கள் ஒதுக்கினார்கள். மடத்துக்குப் போய் 1666-ல் இறந்தார். மரியானாவை மகன் ஆட்சியில் அரண்மனையை விட்டுத் தொலேதோவுக்கு அனுப்பினார்கள். தாராபாயைச் சக்களத்தி ராஜஸ்பாய் சிறை வைத்தார். மங்கம்மாள் சிறையில் பட்டினியால் செத்தார் என்று மதுரையில் இன்னும் பாட்டிமார் சொல்கிறார்கள். கதை உண்மையோ இல்லையோ, சத்திரமும் சாலையும் கண்முன் நிற்கின்றன. அந்தச் சாலையில் போகிற யாரும் அவர் பேரனின் பெயரைச் சொல்வதில்லை.

கேள்வி: ஸ்கூட்டியில் போகும்போது துப்பட்டாவால் முகம் முழுக்கச் சுற்றிக்கொள்கிறேன். அப்பா திட்டுகிறார்.
(கல்லூரி மாணவி, செம்பூர்)

பதில்: ஸ்பெயினிலும் திட்டினார்கள். சால்வையை இழுத்து ஒரு கண் மட்டும் தெரிய மூடிக்கொண்டு பெண்கள் தெருவில் திரிந்தார்கள். யார் வீட்டுப் பெண் என்று கட்டின புருஷனுக்கே தெரியாது. முகத்தைத் திறந்து வை என்று அரசாங்கம் ஆணை போட்டது, மறுபடி போட்டது, 1639-ல் இன்னொரு தடவை போட்டது. பெண்கள் கேட்கவில்லை. அப்பாவிடம் புகையையும் வெயிலையும் சொல்லுங்கள்.

கேள்வி: நாடக மேடையில் ஸ்பானியப் பெண்கள் ஏறினார்களா?
(ஃபைன் ஆர்ட்ஸ் ரசிகர், செம்பூர்)

பதில்: 1587-லேயே ஸ்பெயினில் பெண்கள் மேடையேற அனுமதி வந்துவிட்டது, கூடவே புருஷன் இருக்க வேண்டும் என்ற நிபந்தனையோடு. ஷேக்ஸ்பியரின் லண்டனில் அப்போது பையன்கள்தான் பெண் வேஷம். பெண்களே நடித்த நம் கும்பகோணம் பாலாமணி நாடகக் கம்பெனியை ஸ்பெயின்காரர்கள் பார்த்திருந்தால் எழுந்து நின்று கை தட்டியிருப்பார்கள்.

கேள்வி: பெண்ணுக்கு அடக்கம்தான் அழகு. படிப்பும் சொத்தும் கொடுத்துக் கொடுத்துத்தான் இன்று குடும்ப நீதிமன்றத்தில் கூட்டம்.
(பெயர் குறிப்பிடாத பெரியவர், மாட்டுங்கா)

பதில்: ஐயா, உங்கள் கட்சியை 1583-லேயே ஒருவர் எழுதிவிட்டார். லூயிஸ் டி லியோன் என்ற துறவி, 'நிறைவான மனைவி' என்ற புத்தகம். வீட்டுக்குள் இரு, பேச்சைக் குறை, நூல் நூற்கப் பழகு. கல்யாணப் பரிசாகவே தலைமுறை தலைமுறையாகக் கொடுத்தார்கள். அதற்கு 1637-ல் பதில் சொன்னவர் மரியா டி சயாஸ் என்ற மாட்ரிட் எழுத்தாளர். பெண்ணுக்கு அறிவு குறைவில்லை, அவள் கைக்குப் புத்தகமும் ஆசிரியரும் கொடுக்காமல் ஊசியும் பஞ்சும் கொடுத்தால் எப்படித் தெரியவரும் என்று கேட்டார். அவர் கதைகளில் வருகிற பெண்களைக் கொன்றது படிப்பில்லை. வீட்டுக்குள் அடைத்து வைத்த புருஷன்களும் அண்ணன்களும்.

குடும்ப நீதிமன்றத்துக் கூட்டத்தைப் பற்றி எனக்கும் வருத்தம் உண்டு. அங்கே வருகிற பெண்களில் பலர் இதற்கு முன் அரளி விதையையும் மண்ணெண்ணெயையும் தேடிப் போனவர்கள். நீதிமன்றத்துக்கு வந்துவிட்டாள் என்றால் உயிரோடு இருக்கிறாள் என்று நான் எடுத்துக்கொள்கிறேன்.

கேள்வி: அப்பாவின் திருநெல்வேலி நிலத்தில் எனக்குப் பங்கு உண்டா? நான் பம்பாயில் கட்டிக்கொடுக்கப்பட்டவள்.
(இல்லத்தரசி, ஆண்டாப் ஹில்)

பதில்: உண்டு. தமிழ்நாடு 1989-லேயே பூர்வீகச் சொத்தில் மகளுக்குச் சம உரிமை கொடுத்தது. அதற்கு முன் கல்யாணமானவர்களை விட்டுவிட்டது. மகாராஷ்டிரம் 1994-ல் வந்தது. 2005-ல் இந்து வாரிசுரிமைச் சட்டத்தையே நாடு முழுக்கத் திருத்தினார்கள். கல்யாணம் எப்போது ஆனால் என்ன, எந்த ஊரில் ஆனால் என்ன, மகள் பிறப்பாலேயே பங்குதாரர். 2005-ல் அப்பா உயிரோடு இருந்திருக்க வேண்டும் என்ற குழப்பத்தையும் 2020 ஆகஸ்டில் வினீதா சர்மா வழக்கில் உச்ச நீதிமன்றம் தீர்த்தது. 2004 டிசம்பர் 20-க்கு முன்னால் முறையாகப் பாகம் பிரித்துப் பதிந்திருந்தால் அதைக் கிளற முடியாது. அப்பா தானே சம்பாதித்த சொத்தென்றால் அவர் உயில் எழுதியிருக்கிறாரா என்று பார்க்க வேண்டும்.

ஊருக்குப் போனால் தம்பி "ஒரு கையெழுத்துதான் அக்கா" என்று விடுதலைப் பத்திரத்தை நீட்டுவான். நீங்கள் மனதாரக் கொடுத்தால் கொடுங்கள். படிக்காமல் கொடுக்காதீர்கள்.

பக்கத்தில் கோவாவைப் பாருங்கள். 1867-ன் போர்ச்சுகீசிய சிவில் சட்டம் விட்டுப்போன முறைப்படி இன்றும், வேறு ஒப்பந்தம் எழுதிக்கொள்ளாத தம்பதிக்குச் சொத்தில் ஆளுக்குப் பாதி. மனைவி சம்மதம் இல்லாமல் கணவன் வீட்டை விற்க முடியாது. மதம் எதுவானாலும் சரி. நான் சொன்ன அந்தப் பழைய ஐபீரியப் பெண்களின் பாதிப் பங்கு, ராத்திரி ரயில் ஏறினால் காலையில் இறங்குகிற தூரத்தில் இன்னும் நடப்பில் இருக்கிறது.

கேள்வி: எங்கள் சால் குடியிருப்பை இடித்து எஸ்ஆர்ஏ (சேரி மறுவாழ்வு) கட்டடம் வந்துவிட்டது. வீட்டுக்காரர் பெயரில்தான் சாவி கொடுத்தார்கள். இருபது வருஷம் இட்லி விற்று அந்த ரூமுக்குக் காசு கட்டியது நான்.
(இட்லிக் கடை அம்மா, தாராவி)

பதில்: அம்மா, புதன்கிழமை மாஹிம் மாதா கோயில் வாசலில் மெழுகில் வார்த்த கை, கால், குழந்தை, வீடு எல்லாம் விற்பார்கள். போன மாதம் எனக்கு முன்னால் நின்ற பெண் மெழுகு வீடு ஒன்றை வாங்கினாள். கையில் மாவு காய்ந்திருந்தது. வீட்டை ஒரு கையில் பிடித்துக்கொண்டு மறுகையால் மஞ்சள் துணிப்பையை நெஞ்சோடு அணைத்திருந்தாள். வரிசை நகர நகரப் பேச்சுக் கொடுத்தேன். பையைத் திறந்து காட்டினாள். பிளாஸ்டிக் உறைக்குள் ரேஷன் கார்டு, போட்டோ பாஸ், கரண்ட் பில், பழைய வாக்காளர் பட்டியல் நகல். இருபது வருஷமாக மழைக்கு நனையாமல், எலிக்குக் கொடுக்காமல் அவள் காப்பாற்றிய காகிதங்கள். ஒன்றில்கூட அவள் பெயர் இல்லை. உங்கள் கடிதத்தைப் படித்தபோது அவளேதான் எழுதியிருக்கிறாளோ என்று நினைத்தேன்.

மும்பையின் சேரி மறுவாழ்வு விதியில் இப்படி இருக்கிறது: கட்டிக் கொடுக்கிற வீடு குடும்பத் தலைவருக்கும் அவர் துணைக்கும் கூட்டாகச் சொந்தம், சொசைட்டிப் பதிவேட்டிலும் அப்படியே எழுத வேண்டும், எழுதாமல் விட்டிருந்தாலும் எழுதியதாகவே கொள்ள வேண்டும். யாரும் உங்களுக்குத் தயவு காட்டவில்லை. வீட்டில் பாதி ஏற்கெனவே உங்களுடையது.

இந்த ஞாயிற்றுக்கிழமை கடையைப் பத்து மணிக்குக் கட்டிவிட்டுச் சொசைட்டி ஆபீசுக்குப் போங்கள். மகளையும் கூட்டிக்கொண்டு போங்கள். ஒதுக்கீட்டுக் கடிதத்தையும் பங்குச் சான்றிதழையும் பதிவேட்டையும் எடுத்துக் காட்டச் சொல்லுங்கள். உங்கள் பெயர் இல்லையென்றால் சேர்க்கச் சொல்லி இரண்டு வரியில் மனு எழுதி, நகலில் முத்திரையும் தேதியும் வாங்கிக்கொள்ளுங்கள். மனு எழுதத் தெரியாது என்றால் எனக்கு எழுதுங்கள். நான் எழுதி அனுப்புகிறேன்.